வடசென்னையில் வெளிச்சாப்பாடு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வண்ணாரப்பேட்டையில் தொடங்கி திருவொற்றியூர் வரை சின்ன ஓட்டல், மெஸ், பிரியாணிக் கடை என்று இருபதுக்கும் மேற்பட்ட இடங்களுக்குக் கணக்கு எழுதுவது என் பிழைப்பு. கல்லாப் பக்கம் உட்கார்ந்து பார்க்கிறவன் என்பதால் சாப்பிடுகிறவர்களும் கேட்கிறார்கள், கடை போட நினைக்கிறவர்களும் கேட்கிறார்கள். கல்யாண வீட்டில் இலை முன்னால் உட்கார்ந்தால்கூட யாராவது "சார், ஓட்டல்ல நல்ல லாபமாமே?" என்று ஆரம்பித்துவிடுவார்கள். திரும்பத் திரும்ப வரும் கேள்விகளையும் என் பதில்களையும் இங்கே எழுதி வைத்திருக்கிறேன்.

இந்தியாவில் ஓட்டல் தொழில் எவ்வளவு பெரியது?

இந்திய தேசிய உணவகச் சங்கம், அதாவது என்.ஆர்.ஏ.ஐ., 2024இல் வெளியிட்ட அறிக்கைப்படி 2023-24இல் நாட்டின் உணவகத் தொழில் 5.69 லட்சம் கோடி ரூபாய். 2027-28க்குள் 7.76 லட்சம் கோடியைத் தொடும் என்பது அவர்கள் கணிப்பு. இதை நம்பிப் பிழைப்பவர்கள் 85 லட்சம் பேருக்கு மேல். கொரோனா வந்தபோது இதே தொழில் ஒரே வருடத்தில் 4.24 லட்சம் கோடியிலிருந்து 2 லட்சம் கோடிக்கு, பாதிக்கும் கீழே, விழுந்ததையும் இந்தச் சங்கத்தின் அறிக்கைதான் சொன்னது. ஆக, எழுந்து வந்ததே பெரிய விஷயம்.

ஆனால் ஒன்று. பில் புத்தகமே இல்லாத கடையின் வியாபாரத்தை யாரும் மதிப்பிடத்தான் முடியும், எண்ண முடியாது. கொருக்குப்பேட்டை ரயில்வே கேட் பக்கம் ராத்திரி ஏழு மணிக்கு நடந்து பாருங்கள். இட்லி, போண்டா, மீன் வறுவல், சூப், சில்லி பீப் என்று வரிசையாக வண்டிகள் நிற்கும். அவற்றில் எத்தனை அந்த 5.69 லட்சம் கோடிக்குள் இருக்கின்றன என்று கேட்டால் நான் சிரிப்பேன்.

வடசென்னைக்காரர்கள் வீட்டில் சமைப்பதே இல்லையாமே?

தென்சென்னையிலிருந்து வரும் நண்பர்கள் கேட்கும் கேள்வி இது. கொஞ்சம் கேலியும் இருக்கும். சமைக்காமல் இல்லை. ஆனால் இங்கே காலை நாஷ்டா என்பது பல வீடுகளில் தெருமுனையிலிருந்து வருவதுதான். காரணம் தேடி ரொம்ப தூரம் போக வேண்டாம். காசிமேட்டில் ஏலம் விடியற்காலையில் நடக்கிறது. மீன் வாங்கி விற்கிற பெண்கள் இரண்டு மணிக்கே கிளம்ப வேண்டும். துறைமுகத்திலும் திருவொற்றியூர், எண்ணூர்ப் பக்கத் தொழிற்சாலைகளிலும் ஷிப்டு வேலை. வீடோ ஒரே அறை, அதற்குள்ளேயே அடுப்பும் படுக்கையும். ஐந்து பேருக்கு மாவு ஆட்டி, சட்னி அரைத்து, பாத்திரம் கழுவ அங்கே இடமும் கிடையாது, நேரமும் கிடையாது.

அதனால்தான் எங்கள் பக்கத்தில் தெருவுக்குத் தெரு ஒரு ஆயா கடை. தண்டையார்பேட்டையில் நான் தினமும் கடந்துபோகும் கடை ஒன்று உண்டு. கடை என்றால் என்ன, வீட்டுவாசல் திண்ணைதான். இரண்டு அடுப்பு, ஒன்றில் இட்லிக் குண்டான், மற்றதில் ஆப்பச் சட்டி. தூக்குவாளியோடு பிள்ளைகள் நிற்கும். "ஆயா, ஆறு இட்லி, வடகறி ஊத்து, அம்மா சாய்ந்திரம் குடுக்கும்." ஆயா நிமிர்ந்து பார்க்காமலே ஊற்றுவார். சுவரில் கரியால் கோடு போடுவார். எந்த வீட்டுக்கு எந்தக் கோடு என்பது அவருக்கு மட்டும் தெரியும். நான் படித்த கணக்கியலில் இந்த முறை இல்லை, ஆனால் பாக்கி விழுந்ததாக அவர் சொல்லி நான் கேட்டதில்லை.

இது வடசென்னையின் பழக்கம் மட்டும்தானா என்றால், இல்லை. 2023-24ஆம் ஆண்டின் மத்திய அரசு குடும்பச் செலவுக் கணக்கெடுப்பில், நகரத்தில் ஒருவரின் மாதச் செலவில் உணவுக்குப் போவது 39.68 சதவீதம். அதற்குள் பானங்கள், சிற்றுண்டி, வாங்கிச் சாப்பிடும் சமைத்த உணவு இவையெல்லாம் சேர்ந்த இனம் மட்டும் 11.09 சதவீதம். அரிசி, பருப்பு, பால், காய்கறி எதையும்விட இதுதான் பெரிய பங்கு. நாடே இப்போது எங்கள் தெருமுனைக்கு வந்திருக்கிறது, அவ்வளவுதான்.

அத்தோ என்ற பர்மிய நூடுல்ஸ் எப்படி இங்கே வந்தது?

பர்மாவிலிருந்து, கப்பலில். 1962இல் அங்கே ராணுவ ஆட்சி வந்தது, பிறகு கடைகளும் வியாபாரமும் அரசுடைமை ஆயின. தலைமுறைகளாக அங்கே இருந்த தமிழர்கள் கையில் ஒன்றும் இல்லாமல் திரும்பினார்கள். வியாசர்பாடி போன்ற இடங்களில் குடியேறினார்கள். கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிரே 1969இல் பர்மா பஜார் உருவானது. அவர்களோடு வந்த சாப்பாடுதான் அத்தோ, மொய்ங்கா என்ற நூடுல்ஸ் சூப், பேஜோ என்ற மொறுமொறு பொரிப்பு.

அத்தோவைக் கையால் பிசைந்துதான் கொடுப்பார்கள். வேகவைத்த நூடுல்ஸ், கோஸ், வெங்காயம், புளித்தண்ணீர், மிளகாய்த்தூள், பூண்டு எண்ணெய், மேலே நொறுக்கிய பேஜோ. கூடவே வாழைத்தண்டு சூப், கேட்கக் கேட்க ஊற்றுவார்கள். முட்டை மசாலா வாங்கினால் கடித்துத் தின்னக் கூடாது. கீறின முட்டைக்குள் வறுத்த வெங்காயமும் புளித்தண்ணீரும் இருக்கும், முழுசாக வாயில் போட வேண்டும். சட்டையில் ஒழுகவிட்டவர்கள் எல்லாம் முதல்முறை வந்தவர்கள் என்று கடைக்காரருக்குத் தெரிந்துவிடும்.

சௌகார்பேட்டையும் இப்படித்தான். மார்வாடி, குஜராத்திக் குடும்பங்களுக்காக மிண்ட் தெருவில் தொடங்கிய சாட் கடைகள் நம்மூர் முறுக்கைப் பிடித்து அதன் நடுவில் வெள்ளரியும் தக்காளியும் சட்னியும் வைத்து முறுக்கு சாண்ட்விச் ஆக்கிவிட்டன. ராஜஸ்தானில் போய்க் கேட்டால் முழிப்பார்கள்.

120 ரூபாய்க்குச் சிக்கன் பிரியாணி எப்படிக் கட்டுப்படியாகிறது?

இதற்கு மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். மற்ற பல கேள்விகளுக்கு விடை இதற்குள்தான் இருக்கிறது.

ஒரு கடையின் கணக்கு. பெயர் வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை ஒரு தேக்சா, அதாவது ஒரு பெரிய பிரியாணி அண்டா: 10 கிலோ பாஸ்மதி, 10 கிலோ சிக்கன். ஒரு கிலோ அரிசிக்கு எட்டு பிளேட் வரும், ஆக 80 பிளேட். அரிசி, கறி, எண்ணெய், வெங்காயம் தக்காளி, தயிர், மசாலா, விறகு எல்லாம் சேர்ந்து பிளேட்டுக்கு 66 ரூபாய். முட்டை 6, தயிர் வெங்காயமும் கத்தரிக்காயும் 6, இலை, டப்பா, கவர் 6. மொத்தம் 84. விலைகள் வாராவாரம் மாறும், ஆனால் நான் எழுதிய வாரத்தில் இதுதான்.

80 பிளேட்டுக்குச் சரக்குச் செலவு 6,720 ரூபாய். 120க்கு விற்றால் அது 56ஆவது பிளேட்டில் திரும்பி வருகிறது. மாஸ்டருக்கு 1,200, உதவிப் பையனுக்கு 700. இதற்கு இன்னொரு 16 பிளேட் போகும். ஆக 72. மிச்சம் இருப்பது எட்டு பிளேட். அந்த எட்டு பிளேட்டின் 960 ரூபாயில்தான் கடை வாடகை, கரண்டு, முதலாளி வீட்டுச் செலவு எல்லாம்.

பன்னிரண்டரைக்குத் தம் உடைத்து, முதல் கரண்டி வெளியே வரும்போது எழும் ஆவியில் தெருவே நிற்கும். முதலாளி பாய் முகத்தில் மட்டும் சிரிப்பு இருக்காது. இரண்டு மணிக்குமேல், தேக்சாவின் அடியைச் சுரண்டும் சத்தம் கேட்கும்போதுதான் அவர் டீ குடிப்பார். அந்தச் சத்தம்தான் லாபத்தின் சத்தம். ஒருநாள் மழை வந்து பத்து பிளேட் தங்கினால் அன்று முதலாளிக்கு ஒன்றும் இல்லை, கையிலிருந்து போகும்.

அப்படியென்றால் பீஸ் குறைவாக வைக்கிறார்கள் என்று சண்டை போடலாமா என்று கேட்காதீர்கள். சண்டை போடலாம். "பாய், பெரிய பீஸா பார்த்துப் போடுங்க" என்பது இங்கே வாழ்த்து மாதிரி.

பீப் பிரியாணி மலிவாக இருப்பது ஏன்?

மாட்டுக்கறி விலை ஆட்டுக்கறியைவிட வெகு குறைவு, அதனால்தான். வேறு மர்மம் இல்லை. பெரம்பூர், புளியந்தோப்பு, ஓட்டேரிப் பக்கம் போர்டிலேயே எழுதி வைத்திருப்பார்கள். 2014ஆம் ஆண்டின் மாதிரிப் பதிவுக் கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் 15 வயதுக்கு மேற்பட்டவர்களில் 97 சதவீதத்துக்கு மேல் அசைவம் என்று வந்தது. ஆனாலும் மெட்ராஸ் சாப்பாடு என்று வெளியூரில் படம் போடும்போது இன்னும் இட்லியும் டவரா டம்ளரும்தான்.

உணவு டெலிவரி ஆப்பில் விலை ஏன் அதிகம்? கடைக்காரர்தானே ஏற்றுகிறார்?

ஆமாம், கடைக்காரர்தான் ஏற்றுகிறார். ஏற்றியும் அவருக்குக் குறைவாகத்தான் கிடைக்கிறது. என்னிடம் கணக்கு வைத்திருக்கும் ஒரு கடையின் ஒரு ஆர்டரைச் சொல்கிறேன். கடையில் 180 ரூபாய்க்கு விற்கும் மட்டன் குஸ்கா காம்போ, ஆப்பில் 220. "10 சதவீதம் தள்ளுபடி" என்று காட்டியதில் 22 ரூபாயைக் கடையே ஏற்றது. மீதி 198. அதில் கமிஷன் 24 சதவீதம், 47 ரூபாய் 50 காசு. அந்தக் கமிஷனுக்கு 18 சதவீத ஜி.எஸ்.டி., எட்டரை ரூபாய். கைக்கு வந்தது 142. டப்பா, கவருக்கு 9 போனால் 133. கடையில் வந்து சாப்பிட்டிருந்தால் 180.

சாப்பிடுகிறவரோ அந்த 198க்கு மேல் டெலிவரிக் கட்டணம், பிளாட்பார்ம் கட்டணம் எல்லாம் கட்டியிருப்பார். பிளாட்பார்ம் கட்டணம் 2023இல் 2 ரூபாயில் தொடங்கியது. இப்போது எவ்வளவு என்று உங்கள் போனையே பாருங்கள். உணவகச் சங்கத்தின் புகாரின் பேரில் இந்தியப் போட்டி ஆணையம் 2022 ஏப்ரலில் ஸொமாட்டோ, ஸ்விகி இரண்டின் மீதும் விசாரணைக்கு உத்தரவிட்டது.

அப்புறம் ஏன் கடைக்காரர் ஆப்பை விடவில்லை? மழை நாளின் அந்தக் கடைசிப் பத்து பிளேட்டை நினைத்துக்கொள்ளுங்கள். தேக்சாவில் தங்கினால் பூஜ்யம். ஆப்பில் போனால் கமிஷன் போக ஏதோ கைக்கு வரும். நான் என் கடைக்காரர்களிடம் சொல்வது: இரண்டு மணிக்கு மேல் ஆப்பைத் திற, பன்னிரண்டரைக்குத் திறக்காதே. பாதிப் பேர் கேட்பதில்லை.

பில்லில் ஜி.எஸ்.டி. எவ்வளவு இருக்க வேண்டும்?

சாதாரண ஓட்டலில் 5 சதவீதம். ஏ.சி. இருந்தாலும் இல்லாவிட்டாலும் அதே. 2017 ஜூலையில் 12, 18 என்று தொடங்கியதை அந்த வருடம் நவம்பரிலேயே 5 ஆக்கிவிட்டார்கள். ஒரு நாள் அறை வாடகை 7,500 ரூபாய்க்கு மேல் போகும் பெரிய ஓட்டல்களுக்குள் இருக்கும் உணவகங்களில் மட்டும் 18. ஆப்பில் ஆர்டர் செய்தால் 2022 ஜனவரி 1 முதல் அந்த 5 சதவீதத்தை ஆப் நிறுவனமே வாங்கி அரசுக்குக் கட்டுகிறது.

வருடத்துக்கு 20 லட்சம் விற்பனைக்குள் இருக்கும் சின்னக் கடை ஜி.எஸ்.டி. பதிவே செய்ய வேண்டாம். காம்போசிஷன் என்ற, சின்ன வியாபாரிகளுக்கான எளிய வரித் திட்டத்தில் இருக்கும் கடை தன் விற்பனையில் 5 சதவீதத்தைத் தானே கட்ட வேண்டும், உங்களிடம் தனியாக வாங்கக் கூடாது. பில்லில் வரி போட்டிருந்தால் ஜி.எஸ்.டி. எண் இருக்கிறதா என்று பாருங்கள்.

இதில் கடைக்காரர்களுக்கும் ஒரு விஷயம். மேலே சொன்ன ஒரு தேக்சாக் கடை ஒரு நாளைக்கு 9,600 ரூபாய் விற்கிறது. வருடத்தில் 300 நாள் இப்படி விற்றால் 28 லட்சத்து 80 ஆயிரம். "நமக்கெல்லாம் எதுக்கு சார் ஜி.எஸ்.டி., நாம சின்னக் கடை" என்று சொல்லும் பாய் 20 லட்சத்தை எப்போதோ தாண்டியிருப்பார். காம்போசிஷனில் 5 சதவீதம் என்றால் நாளுக்கு 480 ரூபாய். அந்த எட்டு பிளேட்டில் நான்கு அங்கே போகிறது. முன்பு ரொக்கம், யாருக்கும் தெரியாது. இப்போது கல்லாவில் கியூஆர் ஸ்டிக்கர், ஒவ்வொரு டீக்கும் பதிவு. 2025 ஜூலையில் பெங்களூரில் யூபிஐ வரவைப் பார்த்துச் சின்னக் கடைகளுக்கு வரி நோட்டீஸ் போனபோது, எனக்கு ஒரே நாளில் வந்த போன்களுக்கு அளவில்லை.

சர்வீஸ் சார்ஜ் கட்டியே ஆக வேண்டுமா?

இல்லை. பில்லில் தானாகச் சேர்க்கக் கூடாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலை 4 அன்று சொன்னது. உணவகச் சங்கங்கள் வழக்குப் போட்டன. 2025 மார்ச் 28 அன்று டெல்லி உயர் நீதிமன்றம் ஆணையம் சொன்னதே சரி என்றது. எடுக்கச் சொல்லுங்கள், எடுக்காவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண் இருக்கிறது. எங்கள் பக்கத்தில் இந்தப் பிரச்சினை அநேகமாகக் கிடையாது. சப்ளையருக்கு நேராகக் கையில் பத்து ரூபாய் வைப்பதுதான் வழக்கம், அது தொடரட்டும்.

தண்ணீர் பாட்டிலை எம்.ஆர்.பி.க்கு மேல் விற்கலாமா?

ஓட்டலில் உட்கார்ந்து குடித்தால், விற்கலாம் என்று 2017 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பெட்டிக்கடையில் கூடாது. ஜக்குத் தண்ணீர் கேளுங்கள்.

தெருக்கடையில் சாப்பிட்டால் வயிற்றுக்கு ஒன்றும் ஆகாதா?

கூட்டம் உள்ள கடையில் சாப்பிடுங்கள் என்பது பாட்டி சொன்னது, இன்றும் சரி. சரக்கு தங்காத கடையில்தான் பழசு இருக்காது. எண்ணெயைப் பாருங்கள். கறுத்து, நுரைத்துக்கொண்டே இருந்தால் அடுத்த வண்டிக்குப் போங்கள். திரும்பத் திரும்பக் காய்ச்சிய எண்ணெய்க்குச் சட்டத்தில் வரம்பு உண்டு: அதில் சேரும் கெட்ட வேதிப்பொருட்கள் 25 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்ற விதி 2018 ஜூலை முதல் இருக்கிறது. தள்ளுவண்டியில் அதை அளக்க யாரும் வருவதில்லை, கண்தான் மீட்டர்.

மயோனைஸ் விஷயத்தில் நான் கண்டிப்பு. பச்சை முட்டையில் செய்யும் மயோனைஸுக்குத் தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுத் தடை போட்டது. வெயிலில் மூன்று மணி நேரம் திறந்து கிடந்த வெள்ளைக் கிண்ணத்தைத் தொடாமல் இருக்கத் தடை எதற்கு? இன்னொன்று, செய்தித்தாளில் பஜ்ஜி வைத்து எண்ணெய் ஒற்றுவது. மை வயிற்றுக்குள் போகும். 2019 ஜனவரியில் பிளாஸ்டிக் தடை வந்தபிறகு பல வண்டிகள் மந்தாரை இலைக்கும் வாழை இலைக்கும் திரும்பின, பாதிக் கடைகள் சத்தம் இல்லாமல் கவருக்கே வந்துவிட்டன.

கோடையில் மீன் வறுவல் விலை ஏறுவது ஏன்?

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். மீன் குஞ்சு பொரிக்கும் காலம் என்பதற்காக. அப்போது காசிமேட்டில் நாட்டுப்படகு மீனும், வேறு கரையிலிருந்து ஐஸில் வரும் மீனும்தான். வஞ்சிரம், வவ்வால் எட்டாத விலைக்குப் போகும். வண்டிக்காரர்கள் கட்லா, ஜிலேபி என்று டேம் மீனுக்கு மாறுவார்கள். மசாலா அதேதான். வாடிக்கையாளர் இரண்டு வாய் தின்றுவிட்டு, "அண்ணே, இது கடல் மீன் இல்லையே" என்பார். "தடைக்காலம் தம்பி" என்றால் அதற்குமேல் பேச்சு இல்லை. மீனவர் வீட்டுப் பிள்ளைகளுக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

அம்மா உணவகம் இருக்கும்போது வண்டிக்கடைக்கு யார் போகிறார்கள்?

2013இல் தொடங்கியபோது இட்லி 1 ரூபாய், சாம்பார் சாதம் 5, தயிர் சாதம் 3. அந்த விலைக்கு யாராலும் போட்டி போட முடியாது. கையில் காசில்லாத நாளைக்கு அது பெரிய காப்பு. ஆனால் காசு இருக்கிற நாளில் நாக்கு வேறு கேட்கிறதே. கூலி வாங்கின சனிக்கிழமை சாயங்காலம் போட்டி என்ற குடல் கறியும் தோசையும்தான்.

டீ ஏன் 15 ரூபாய் ஆனது?

பால், டீத்தூள், சிலிண்டர், ஆள் கூலி. 2025 செப்டம்பரில் சென்னையில் டீ 12இலிருந்து 15க்கும் காபி 20க்கும் போனது. ஓட்டல்காரர்கள் வாங்க வேண்டியது 19 கிலோ வணிக சிலிண்டர், வீட்டு சிலிண்டர் 14.2 கிலோ. வணிக சிலிண்டர் விலை மாதா மாதம் ஒன்றாம் தேதி மாறும். அன்று காலை என் கடைக்காரர்கள் காலண்டரைப் பார்ப்பதில்லை, போனைத்தான் பார்க்கிறார்கள்.

பரோட்டா மாஸ்டருக்கு ஏன் இவ்வளவு தட்டுப்பாடு?

தெற்கத்தி ஊர்களிலிருந்து வந்த மாஸ்டர்களின் பிள்ளைகள் படித்துவிட்டார்கள், நல்லதுதான். இப்போது பல கல்லில் நிற்பது வங்காளம், ஒடிசா, அசாம், நேபாளப் பையன்கள். ஊரில் தேர்தல், சத் பூஜை என்றால் கடையே பாதி மூடிக் கிடக்கும். கைதேர்ந்த மாஸ்டர் முப்பது, நாற்பதாயிரம் அட்வான்ஸ் இல்லாமல் வருவதில்லை. வாங்கிக்கொண்டு மூன்றாம் மாதம் எதிர்க்கடைக்குப் போனவரும் உண்டு. கணக்கில் அதை எந்தத் தலைப்பில் எழுதுவது என்று நான் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

முதலாளிகள் பக்கமும் சொல்ல வேண்டும். கடை ஊழியர்களுக்கு உட்கார இருக்கை தர வேண்டும் என்று 2021இல் தமிழ்நாட்டில் சட்டத் திருத்தம் வந்தது. பன்னிரண்டு மணி நேரம் நிற்கிற சப்ளையர் உட்கார்ந்து நான் பார்த்தது, கடை சாத்தினபிறகு, கவிழ்த்த வாளியின் மேல்.

ராத்திரி எத்தனை மணி வரை கடை வைக்கலாம்?

10 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் கடைகள் 24 மணி நேரமும் திறக்கலாம் என்று 2019இல் தமிழக அரசு அனுமதித்தது. நம்ம அத்தோ வண்டியில் ஆள் இரண்டு பேர். பதினொரு மணிக்கு ரோந்து வண்டியின் விளக்கு தெரிந்ததும் அவர் அடுப்பைத் தணிப்பார்.

நான் கடை போடலாமா?

இதைக் கேட்பவர்களில் பாதிப் பேர் ஐ.டி. வேலையில் இருக்கிறார்கள், மீதிப் பேர் அந்த வேலையை விட்டவர்கள். மெட்ரோ 2021இல் விம்கோ நகர் வரை வந்தபிறகு ஸ்டேஷன் பக்கம் கடை வாடகை எங்கேயோ போய்விட்டது. அங்கே உள்அலங்காரம், வெளிச்ச போர்டு, எட்டுப் பக்க மெனு என்று தொடங்கிய கடைகளில் மூன்றுக்கு நான் கணக்கு எழுதினேன். மூன்றுக்கும் மூடும் கணக்கையும் நானே எழுதினேன். ஒரு கடையில் மெனுவில் 140 அயிட்டம். பிரிட்ஜில் எப்போதும் பத்தாயிரம் ரூபாய்ச் சரக்கு வாடிக் கிடக்கும்.

போடத்தான் வேண்டும் என்றால்: முதலில் உணவுப் பாதுகாப்புப் பதிவு. அந்த 14 இலக்க எண்ணைக் கடையில் மாட்டி வையுங்கள், பில்லிலும் போடுங்கள். தள்ளுவண்டி என்றால் பி.எம். ஸ்வநிதி என்ற மத்திய அரசின் தெரு வியாபாரிகள் கடன் இருக்கிறது, முதல் தவணை 15,000. கந்துவட்டிக்குப் போகாதீர்கள். தினத்தண்டல்காரர் சாயங்காலம் ஆறு மணிக்கு வந்து நிற்பார், உங்கள் வியாபாரம் ஏழு மணிக்குத்தான் தொடங்கும். ஆறு மாத வாடகையைத் தனியாக எடுத்து வையுங்கள், அதைத் தொடாதீர்கள்.

அப்புறம், சின்ன தேக்சா வாங்குங்கள். ஐந்து கிலோ போதும். ஒன்றரை மணிக்குத் தீர்ந்துபோய், வந்தவர் "அதுக்குள்ள காலியா?" என்று திட்டிக்கொண்டே போகட்டும். மறுநாள் அவர் பன்னிரண்டரைக்கே வருவார்.